என் துப்பாக்கியைத் திறந்தது யார்?

மேஜை மேல் வெள்ளை வேட்டியை விரித்தேன். என் வீட்டுக்காரருடைய பழைய வேட்டி. துப்பாக்கியைக் கழற்றும்போது அடியில் வெள்ளைத் துணி இருக்க வேண்டும். சின்னச் சாமான் எதுவும் அதில் தொலையாது.

பகல் பதினொரு மணி இருக்கும். வெளியே வெள்ளை வெயில். எனக்கு மட்டும் எல்லாம் மங்கல். கண் ஆபரேஷன் முடிந்து கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தேன். பொள்ளாச்சியில் தங்கச்சி வீட்டில் தங்கி, சொட்டு மருந்தெல்லாம் முடித்துவிட்டு முந்தின நாள்தான் ஊருக்கு வந்திருந்தேன். அதைப் போன வாரம் இந்தப் பக்கத்தில் எழுதினேன்.

குழலுக்கு அடியில், மரக்கட்டைக்கு முன்னால் இருக்கிற மூடியைத் திருகினேன். சுலபமாக வந்துவிட்டது.

அது சுலபமாக வராது. நான் மூடினால், கை ஒரு தடவை வழுக்கி, அப்புறம்தான் திரும்பும். என் பிடி அப்படி.

மரக்கட்டையை உருவினேன். குழலை உருவினேன். உள்ளே பிஸ்டனைத் தொட்டதும் விரல் நின்றுவிட்டது. பிஸ்டனும் அதன் வளையமும் தலைமாறி இருந்தன.

கண் மங்கினால் என்ன. விரலுக்குத் தெரியும். நான் வீட்டில் இல்லாதபோது யாரோ இதைத் திறந்து மூடியிருக்கிறார்கள்.

பொம்பளைக்கு எதற்கு?

நடுவில் ஒன்று சொல்லிவிடுகிறேன். பொம்பளைக்கு எதற்குத் துப்பாக்கி என்று ஒருவர் கடிதம் போட்டிருந்தார். பன்றிக்குத்தான்.

எங்கள் பக்கம் கடலை, மரவள்ளி, தென்னங்கன்று எதை வைத்தாலும் காட்டுப்பன்றி விடுவதில்லை. லைசன்ஸ் உள்ளவர்களைப் பஞ்சாயத்தில் பேர் எழுதி வைத்திருக்கிறார்கள். உத்தரவு வந்தால் போய்ச் சுடலாம். என் வீட்டுக்காரர் பேர் அதில் இருந்தது. அவர் போன பிறகு லைசன்ஸை என் பேருக்கு மாற்றினேன். பஞ்சாயத்திலும் என் பேரை எழுதினார்கள். அவ்வளவுதான்.

அந்தத் துப்பாக்கி பீர்மேட்டிலிருந்து வந்தது. அங்கே ஒரு தேயிலைத் தோட்டத்து மேனேஜர் வேலையை விட்டுப் போகும்போது முறைப்படி எழுதிக் கொடுத்தது. எங்கள் ஊரில் அதற்கு முன்பு எல்லோரிடமும் இருந்தது இரட்டைக் குழல்தான். இது ஆட்டோ. ஒரு தோட்டாவைச் சுட்டால் அந்தப் புகையே பிஸ்டனைத் தள்ளி, காலித் தோட்டாவை வெளியே எறிந்து, அடுத்ததை உள்ளே ஏற்றிவிடும்.

ஊருக்கே அதைப் பார்க்க ஆசை. எனக்கு ஆரம்பத்திலிருந்தே அதன் மேல் நம்பிக்கை இல்லை. தானாக ஒரு காரியத்தைச் செய்கிற சாமானை எப்படி நம்புவது?

மோட்டார் ரூம் கூரை

இரட்டைக் குழலை மடக்கினால் ரெண்டு தோட்டாவும் கண்ணுக்குத் தெரியும். இருக்கிறது, இல்லை. அதோடு முடிந்தது. அதைப் பிடித்துப் பழகினவர்கள் எல்லோரும் ஒரே தப்பைத்தான் ஆட்டோவில் செய்வார்கள்.

என் கொழுந்தன் துரைசாமி செய்தான். வீட்டுக்காரருக்குத் தம்பி. நான் கல்யாணமாகி வந்தபோது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தவன்.

காவலுக்குப் போய்விட்டு வந்து, தோட்டா அறையை மூடுகிற போல்ட்டைப் பின்னால் இழுத்தான். ஒரு தோட்டா வெளியே விழுந்தது. போல்ட் தானாக முன்னால் போய் மூடியது. “காலிங்ணா” என்றான். இரட்டைக் குழல்காரர்கள் துப்பாக்கியை உள்ளே வைக்குமுன் விசையை ஒரு தடவை தட்டி, ஸ்பிரிங்கைத் தளர்த்தி வைப்பார்கள். அந்தப் பழக்கத்தில் தட்டினான்.

போல்ட் மூடும்போதே, குழலுக்குக் கீழே தோட்டாக்கள் வரிசையாக இருக்கிற அடிக்குழாயிலிருந்து அடுத்த தோட்டா ஏறியிருந்தது. மோட்டார் ரூம் தகரத்தில் வானம் தெரிந்தது.

யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அவன் அன்று முழுக்கச் சோறு தின்னவில்லை. என் வீட்டுக்காரர் சத்தம் போடவில்லை. “இனிமே இந்த ஊட்ல இதத் தொடறது ஒருத்தர்தான்” என்றார். என்னைக் கை காட்டினார்.

“நங்கையாளா?” என்று துரைசாமி கேட்டான். அண்ணன் பெண்சாதியை எங்கள் பக்கம் நங்கையா என்போம்.

“அவதான் வேல செய்யறப்ப பேச மாட்டா” என்றார்.

அப்படித்தான் எனக்கு அந்த வேலை வந்தது.

முதலில் அடிக்குழாய்

துடைக்கிற முறையை எழுதச் சொல்லிக் கேட்டவர்களுக்காகச் சொல்கிறேன். தோட்டாப் பெட்டி வேறு அறையில் இருக்க வேண்டும். குழல் வாய் மண் சுவரைப் பார்த்து இருக்க வேண்டும். ஆள் போகிற பக்கம் ஒருபோதும் திரும்பக் கூடாது. லாக் போட்டிருக்க வேண்டும். விரல் விசைக்கு வெளியே.

முதலில் அடிக்குழாயைக் காலி செய்ய வேண்டும். அப்புறம்தான் போல்ட். அதன் பிறகும் கண்ணை நம்பாமல் சுண்டு விரலை உள்ளே விட்டுத் தடவ வேண்டும். தோட்டா அறையில் ஒரு தடவை, அடிக்குழாயின் வாயில் ஒரு தடவை. நடுவில் யாராவது கூப்பிட்டால், திரும்பி வந்து மறுபடி முதலிலிருந்து.

எண்ணெய் கொஞ்சம் போதும். எங்களுக்கு மலைக் கணவாய்க் காற்று. ஆடியில் அடிக்கிற காற்றில் சோற்றுத் தட்டிலேயே மண் விழும். எண்ணெயில் மண் சேர்ந்தால் கூழ். அதனால் எண்ணெய் தொட்டு, அப்புறம் தொட்டதே தெரியாத மாதிரி துடைத்துவிடுவேன். தேங்காய் எண்ணெய் கூடவே கூடாது. பிசின் மாதிரி பிடிக்கும்.

அன்றைக்குப் பிஸ்டனை மோந்து பார்த்தேன். தேங்காய் எண்ணெய் வாசம்.

என்ன காணோம்?

தோட்டாப் பெட்டி நான் வைத்த மாதிரியே இருந்தது. குழலில் வெடிமருந்து நாற்றம் இல்லை. சுடவில்லை. சுடாமல் எதற்குத் திறந்தார்கள்?

இரும்பு அலமாரிச் சாவியை அரிசித் தொட்டிக்குள் போட்டுவிட்டுப் போயிருந்தேன். வீட்டுச் சாவி ஈஸ்வரியிடம் இருந்தது. துரைசாமி பெண்சாதி, என் ஓரகத்தி. மாட்டுக்குத் தீனி போட, விளக்கு வைக்க அவள்தான் வந்து போனாள்.

போல்ட்டைக் கழற்றிக் கையில் எடுத்தேன். அதன் முதுகில் ஒரு சின்ன முனை இருக்கும். நகத்தால் அமுக்கினால் முன்பக்கம் ஊசி எட்டிப் பார்க்கும். அந்த ஊசி குத்தினால்தான் தோட்டா வெடிக்கும்.

அமுக்கினேன். நகம் வெறும் ஓட்டைக்குள் போனது.

ஊசி இல்லை.

கொல்லையில் மாடு கத்திக்கொண்டிருந்தது.

திருடன் என்றால் துப்பாக்கியை எடுத்துப் போவான். ஊசியை மட்டும் எவன் எடுப்பான்? ஊசி இல்லாத துப்பாக்கி வெளியிலிருந்து பார்த்தால் நல்ல துப்பாக்கிதான். போல்ட் ஓடும். விசை தட்டும். தோட்டா ஏறும். நான் அதைத் தூக்கிக்கொண்டு கடலைக் காட்டுக்குப் போவேன். பன்றி திரும்பி வரும். விசையை இழுப்பேன். டக் என்று ஒரு சத்தம் வரும். அதோடு சரி.

பன்றியின் தேற்றைப்பல் கிழித்த தொடையை நான் பார்த்திருக்கிறேன். கட்டுப் போட இடம் இருக்காது.

எனக்குப் பிள்ளை இல்லை. எனக்குப் பிறகு என் பூமி யாருக்கு என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

அவன் வந்தான்

அந்த நேரம் பார்த்துத் துரைசாமி வந்தான்.

“நங்கையா, கண்ணு எப்படீங்க இருக்குது?”

“தெரியுது.”

“என்னுங்க, வந்ததும் வராததுமா கழட்டி வெச்சிட்டீங்க?”

“தொடைக்கலாம்னு.”

அவன் உட்காரவில்லை. வாசல்படியிலேயே நின்றான். “எங்காட்டுல பன்னி பூராக் கெழங்கையும் நோண்டிப்போட்டுதுங்க. மெம்பர்கிட்டச் சொல்லி உத்தரவு வாங்கீரலாம். நீங்க இந்தக் கண்ண வெச்சுட்டு எதுக்கு அலையறீங்க? கண்ணு ஆற வரைக்கும் துப்பாக்கி எங்கூட்ல இருக்கட்டுமுங்க.”

முதலில் பன்றி. அப்புறம் உத்தரவு. கடைசியில் துப்பாக்கி அவன் வீட்டுக்கு.

நான் வருகிற வழியில் அவன் காட்டைப் பார்த்துவிட்டுத்தான் வந்தேன். தண்ணீர் விட்டு நாளாகி மண் ஓடு மாதிரி கிடந்தது. எந்தப் பன்றியும் மூக்கு வைத்திருக்கவில்லை.

“லைசன்ஸ் எம்பேர்ல இருக்குது தம்பி. உன்ற ஊட்ல வெக்கப்படாது.”

“ஒரே குடும்பந்தானுங்களே.”

“போலீசுக்குக் குடும்பம் தெரியாது.”

சிரித்தான். சிரிப்பு வாயில் மட்டும் இருந்தது. அவன் முகம் முன்பு இருந்ததைவிட ஒட்டிப்போயிருந்தது.

அவனைச் சோதித்துப் பார்க்க நினைத்தேன். பிஸ்டனையும் வளையத்தையும் எடுத்து நீட்டினேன். “கண்ணு மங்கலாத் தெரியுது. இதுல எது முன்னால வரும்? சொல்லு பாக்கலாம்.”

கையைப் பின்னால் கட்டிக்கொண்டான். “எனக்கெங்கீங்க தெரியும்? அந்த மோட்டார் ரூம் சமாச்சாரத்துக்கு அப்பறம் இதத் தொட்டதே இல்லீங்க.”

பொய் சொல்கிறானா என்று பார்த்தேன். அவன் கண் குழலிலேயே இருந்தது. குழலைப் பார்த்தான், தோட்டாப் பெட்டி இருக்கிற அறைக் கதவைப் பார்த்தான். வேட்டி நடுவில் போல்ட் கிடந்தது. அதை ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை.

ஒளித்து வைத்தவனுக்குக் கண் ஒளித்த இடத்துக்குப் போகாமல் இருக்காது.

அப்போது ஈஸ்வரி மோர் கொண்டு வந்தாள். டம்ளரை மேஜையின் ஓரத்தில் வைத்தாள். வைக்கும்போது போல்ட்டை ஒரு பார்வை பார்த்தாள். உடனே தரையைப் பார்த்தாள். டம்ளர் தளும்பி வேட்டி நனைந்தது.

“மெதுவா வெய்யி. கை எங்க இருக்குது உனக்கு?” என்று துரைசாமி அதட்டினான்.

“கை கையிலதாங்க இருக்குது” என்றாள்.

“சாயங்காலமா வா தம்பி. இப்ப ஒண்ணும் தெரிய மாட்டேங்குது” என்று அவனை அனுப்பினேன். போகிறபோது வாசலில் நின்று இன்னொரு தடவை திரும்பிப் பார்த்தான்.

ஈஸ்வரி சொன்னது

அவளை உட்காரச் சொன்னேன். உட்காரவில்லை.

“ஊசி எங்கடி?”

“எந்த ஊசிங்க்கா?”

“தேங்காண்ணைல தொடச்சவகிட்டக் கேக்கறேன்.”

வருஷக்கணக்கில் நான் துடைக்கும்போதெல்லாம் அவள் எதிரில் உட்கார்ந்து கடலை உரிப்பாள். ஒரு தடவை ஊசி சிக்கிக்கொண்டபோது, அதைப் பிடித்திருக்கிற பக்கத்தாணியை நான் தட்டி எடுக்க, டார்ச் பிடித்தவள் அவள். அது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

“நாஞ் செத்தா இந்தப் பூமி உங்களுக்கு வரும். அதுக்கு இத்தன அவசரமா?”

“ஐயோ அக்கா! என்ன வார்த்த சொல்றீங்க?”

“பன்னி முன்னால ஊசி இல்லாத துப்பாக்கியோட நிக்க வெக்கப் பாத்தயே. வேறென்ன சொல்றது?”

“நீங்க வந்ததும் சொல்லலாம்னுதானுங்க இருந்தேன். நேத்து அவரு கூடவே இருந்தாரு. எப்படிச் சொல்லட்டும்?” தரையில் உட்கார்ந்துவிட்டாள். “உங்களுக்காக எடுக்கலீங்க. அவருக்காக எடுத்தேன்.”

அப்புறம் சொன்னாள்.

தெற்குத் தோட்டத்துக்காரர் வண்டித் தடத்தை மறித்துச் சுவர் வைத்தது எனக்கும் தெரியும். தலைமுறையாகத் துரைசாமி தேங்காய் ஏற்றிப்போன தடம். வழக்கு கோர்ட்டில் கிடக்கிறது. நான் பொள்ளாச்சியில் இருந்தபோது ரெண்டு பேருக்கும் சுவரிடம் பேச்சு முற்றியிருக்கிறது. அந்த ஆள் இவனுக்கு எல்லோர் முன்னாலும் செருப்பைக் காட்டியிருக்கிறார்.

“ஊட்டுக்கு வந்து ஒண்ணுமே பேசலீங்க்கா. கத்துனாக்கூடப் பரவால்ல. கம்முனு இருந்தாரு. அடுத்த நா நான் இங்க மாட்டுக்குத் தீனி போட வந்தா, எனக்கு முன்னால வந்து நிக்கறாரு. அரிசித் தொட்டிக்குள்ள முழங்கை வரைக்கும் கைய உட்டுத் தேடறாரு.”

“பன்னிக்கா இருக்கும்.”

“ராத்திரி வர்ற பன்னிக்கு வெய்யல்ல ஆருங்க துப்பாக்கி தேடுவாங்க?”



“சாவி கெடைக்கலியா அவனுக்கு?”

“கெடைக்கலீங்க. அதுக்கு மொத நாளே நாஞ் சோறாக்க அரிசி எடுத்தப்ப கைல தட்டுப்பட்டுது. எடுத்து மடில வெச்சிருந்தேன். ஆனா எத்தன நாளைக்கு வெச்சிருக்கறது? பூட்ட ஒடச்சா? துப்பாக்கிய ஒளிக்கலாம்னு பாத்தேன். அது இத்தன நீளம். எங்க ஒளிக்க? ஊசின்னா முந்தானைல முடிஞ்சுக்கலாம். நீங்க வர்றதுக்குச் சித்த முன்னாலதான் சாவியத் திருப்பித் தொட்டில போட்டேன்.”

சொல்லிவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்தாள்.

“தொறக்கறப்ப என்னென்ன பண்ணுன?”

“நீங்க பண்ற மாதிரியேதானுங்க. குழலு செவுத்தப் பாத்து. மொதல்ல அடிக்குழாய். வெரல உட்டு ரெண்டு எடத்துலயும் தடவிப் பாத்தேன். பயத்துல மறுபடியும் தடவிப் பாத்தேன். போல்ட்டு வந்துருச்சு, ஊசியும் வந்துருச்சு. திருப்பி மாட்டறப்பதான் எது முன்ன எது பின்னன்னு வெளங்கல.”

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கவில்லை.

“எங்க போட்ட ஊசிய?”

“கேக்காதீங்க்கா. தெரிஞ்சா மனசு மாறிப்போடுவீங்க.”

நான் கேட்கவில்லை. இன்றுவரை கேட்கவில்லை. அவளை முழுக்க நம்பினேனா என்றால், அன்றைக்கு நம்பவில்லை. அவன் மண்ணில் பன்றித் தடம் இல்லாததை நானே பார்த்திருந்தேன். அதை மட்டும் நம்பினேன்.

சாயங்காலம்

பிஸ்டனைச் சரியாக மாட்டினேன். குழலை மாட்டினேன். மரக்கட்டை, மூடி. என் பிடியில் இறுக்கினேன். பார்க்கத் துப்பாக்கி முழுசாக இருந்தது.

துரைசாமி வெயில் தாழ வந்தான்.

“ரெடிங்களா?”

“இது இனிச் சுடாது தம்பி.”

“ஏனுங்க?”

“ஊசி தேஞ்சு ஒடஞ்சுபோச்சு. இந்த மாடலுக்கு இப்ப ஊசி கெடைக்கறதில்ல.”

ஈஸ்வரி மாட்டுக் கொட்டகைப் பக்கம் கூட்டிக்கொண்டிருந்தாள். விளக்குமாறு சத்தம் நின்றது.

அவன் என்னையே பார்த்தான். கறுப்புக் கண்ணாடிக்குப் பின்னால் என் கண் அவனுக்குத் தெரிந்திருக்காது. அது நல்லதாகப் போயிற்று. பொய் சொல்ல எனக்கு வராது.

“செஞ்சுக்க முடியாதுங்களா? லேத்துல குடுத்து?”

“லேத்துல ஊசி செய்யறவன் உள்ள போவான். செய்யச் சொன்னவனும் போவான்.”

அப்புறம் அவன் தோள் ரெண்டும் கீழே இறங்கியது. மூச்சு ஒன்று விட்டான். பாரம் இறக்கின மாட்டுக்கு வருகிற மூச்சு.

“சித்த தண்ணி குடுங்க நங்கையா” என்றான்.

கொடுத்தேன். அண்ணாந்து குடித்தான். பாதி சட்டையில் வடிந்தது. சொம்பை வைத்துவிட்டு, ஈஸ்வரி இருந்த பக்கம் பார்க்காமல் நடந்து போனான்.

அந்த மூச்சு நிம்மதியா, ஏமாற்றமா? அவன் பொண்டாட்டி நிம்மதி என்கிறாள். ஒரே ஊரில் இத்தனை வருஷம் இருந்தும் எனக்குத் தெரியவில்லை.

பஸ்ஸில்

மறுநாள் உறையில் போட்டு, லைசன்ஸ் புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு, கோபாலபுரத்திலிருந்து வருகிற பஸ்ஸில் ஏறினேன். டவுனில் துப்பாக்கிக் கடை ஒன்று உண்டு. காசு கட்டினால் அவர்கள் காவலில் வைத்துக்கொள்வார்கள்.

மலையாளக் கண்டக்டர் உறையைப் பார்த்து, “சேச்சி, மீன் பிடிக்கானோ?” என்றான்.

“ஆமா. பெரிய மீன்” என்றேன். பக்கத்தில் இருந்தவர் எழுந்து பின் சீட்டுக்குப் போய்விட்டார்.

கடைக்காரர் போல்ட்டை இழுத்துப் பார்த்தார். முதுகில் அமுக்கிப் பார்த்தார். “ஊசி இல்லையே?” என்றார். இல்லை என்றேன். வரவழைத்துப் போட்டுத் தரட்டுமா என்றார். வேண்டாம் என்றேன். என்னைச் சந்தேகமாகப் பார்த்தார். பார்க்கட்டும்.

பஞ்சாயத்தில் போய் இந்த வருஷம் என் பேரை எடுத்துவிடச் சொன்னேன். “அப்பப் பன்னிய ஆருங்க பாக்கறது?” என்று மெம்பர் கேட்டார். கண் சரியில்லை என்றேன். கண் நன்றாகவே இருந்தது.

அதன்பிறகு நிஜமாகவே பன்றி வந்தது. என் கடலைக் காட்டில் ஒரு செடி மிஞ்சவில்லை. துரைசாமியின் கிழங்கும் போயிற்று.

இதை எழுதலாமா என்று ஈஸ்வரியிடம் கேட்டேன். பெயர்களை மாற்றிவிட்டேன், ஆனால் படித்தால் அவனுக்குத் தெரியாமல் போகாது. “எழுதுங்க்கா. எனக்குத் தெரியும்ங்கறது அவருக்கும் தெரியட்டும்” என்றாள்.

சுவர் அப்படியே இருக்கிறது. துரைசாமி தேங்காயைத் தலையில் வைத்துச் சுற்றுவழியில் கொண்டுபோகிறான். தெற்குத் தோட்டத்துக்காரர் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று பல் விளக்குகிறார். அவரை எனக்குப் பிடிக்காது. முன்பும் பிடிக்காது.

ஆனால் காலையில் எழுந்ததும் காபியைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருக்கிறேன். தெற்கே அவர் மோட்டார் போடும் சத்தம் கேட்க வேண்டும். கேட்ட பிறகுதான் குடிப்பேன்.